பாண்டியின் காலி ஜீப்பு

வெள்ளிக்கிழமை, போடி.

சினிமாவுக்கு வசனம் எழுதிய காலத்தில் என் எழுத்து யாரையும் தொட்டதில்லை. சீரியலுக்கு வந்து ஒருவன் பிழைப்பைக் கெடுத்துவிட்டேன்.

பாண்டி ஏலத்தோட்டத்துக்கு ஆள் ஏற்றும் ஜீப் டிரைவர். நடிகருக்கு மலைப்பாதையில் ஓட்ட வராததால், குடித்துவிட்டு ஜீப்பைக் கவிழ்த்து ஆஸ்பத்திரியில் சேரும் டிரைவராக அவனையே நடிக்க வைத்தோம். அது ஒளிபரப்பானதிலிருந்து தோட்டத்துப் பெண்கள் அவன் ஜீப்பில் ஏறுவதில்லை. பாண்டி பீடிகூடக் குடிக்காதவன்.

இன்று காலை ஸ்டாண்டில் காலி ஜீப்போடு நின்றான். திட்டியிருந்தால் தேவலை.

"அண்ணே, ஆஸ்பத்திரியிலருந்து வந்ததும் நான் குடிய விட்டுட்டதா ஒரு சீன் எழுதிருங்கண்ணே. அதப் பாத்தா பொம்பளைக ஏறிருவாக."

"எழுதிர்றேன் பாண்டி" என்றேன்.

திங்கட்கிழமை ஒளிபரப்பில் அந்த டிரைவர் ஆஸ்பத்திரியிலேயே செத்துப்போகிறான். முகம் முழுக்கக் கட்டுப்போட்டு வேறு ஆளை வைத்துச் சென்னையில் எடுத்து முடித்தாயிற்று.