நீங்க பாத்து செய்ங்கய்யா

நைனா,

இன்று இறால் உரிக்கும் ஷெட்டுக்குக் கிளம்பும்போது மழை பிடித்துக்கொண்டது. தலையில் போட்டுக்கொள்ள உன் துண்டை எடுத்தேன். எத்தனையோ முறை துவைத்தாகிவிட்டது. ஈரம் பட்டதும் இன்னும் சாக்கு வாசம் வருகிறது.

திருவொற்றியூர் குடோனில் மூட்டை தூக்கும்போது அது உன் தலையில் சும்மாடாக இருக்கும். முதலாளி வந்தால் இறங்கி இடுப்புக்குப் போய்விடும். "துண்டு தோள்ல கெடந்தா தேஞ்சா பூடும்?" என்று அம்மா கேலி செய்வாள். "மரியாதைம்மே, உனுக்கு இன்னா தெரியும்?" என்பாய். லீவோ கூலியோ, எதைக் கேட்கப் போனாலும் உன்னிடம் ஒரே பேச்சுதான்: "நீங்க பாத்து செய்ங்கய்யா." புளியந்தோப்பில் நம் தெரு ஆண்கள் எல்லோரும் அப்படித்தான். வாய்விட்டுக் கேட்டால் கிடைக்க இருப்பதும் போய்விடும் என்ற பயம்.

குடோனில் லாரி டிரைவரோடு நடந்த சண்டையில் முதலாளியின் மகன், "புடிடா அவன" என்றான். நீ பிடித்தாய். அவன் குத்தினான். லாரி டிரைவர் செத்துப்போனார். நீ பிடித்தது தப்பில்லை என்று எழுதமாட்டேன். அவருக்கும் என் வயதில் ஒரு பெண் இருந்தாள். கோர்ட்டில் பார்த்தேன். ஆனால் ஸ்டேஷனில் உன்னிடம் எந்த ஏரியா என்று கேட்டார்களாம். நீ சொன்னதும், "அப்ப கத்தி உன்னுதுதான்" என்று சிரித்தார்களாம். அந்தச் சிரிப்பு கடைசிவரை கேஸ் கட்டோடு கூடவே வந்தது.

இரண்டு பேரும் குற்றவாளிகள் என்று சொன்ன பிறகு, தண்டனை பற்றி ஏதாவது சொல்ல வேண்டுமா என்று ஜட்ஜ் கேட்டார். முதலாளி மகனுக்காகப் பெரிய வக்கீல் எழுந்தார். சின்ன வயது, டிகிரி படித்தவன், இப்போதுதான் பெண் குழந்தை பிறந்திருக்கிறது, திருந்தி வாழ்வான் என்று பேசிக்கொண்டே போனார். உனக்கு அரசாங்கம் கொடுத்த வக்கீல் எழுந்திருக்கவே இல்லை. ஜட்ஜ் உன்னையே கேட்டார். நீ துண்டை இடுப்பில் சுற்றி, கையைக் கட்டிக்கொண்டு சொன்னாய்: "நீங்க பாத்து செய்ங்கய்யா."

அதைவிடப் பணிவாக உயிரைக் கேட்க உனக்குத் தெரியாது. அவர்களோ, இவனுக்குச் சொல்ல ஒன்றும் இல்லை, வருத்தமும் இல்லை என்று எழுதிக்கொண்டார்கள். தீர்ப்பை இங்கிலீஷில் வாசித்தார்கள். அவனுக்கு ஆயுள். உனக்குப் படித்ததில் ஒரே ஒரு சொல்தான் எனக்குப் புரிந்தது. எட்டாவதோடு நின்றவளுக்கும் 'ஹேங்' புரியும். "இன்னாடி சொல்றாங்கோ?" என்று அம்மா என் கையைப் பிடித்து உலுக்கினாள்.

ஜெயிலில், கம்பி வலைக்கு இந்தப் பக்கம் நின்று கேட்டேன். "ஏன் நைனா ஒண்ணுமே சொல்லல?"

நீ ஆச்சரியமாகப் பார்த்தாய். "சொன்னனேம்மா. பாத்து செய்ங்கன்னு சொன்னனே."

அப்புறம் சிரித்தாய். "ஜாதி சர்ட்டிபிகேட்டுக்கு உங்கம்மா எவ்ளோ அலைஞ்சா! இங்க கேக்கறதே இல்ல. மூஞ்சியப் பாத்தே தெரிஞ்சிக்கிறாங்கோ. கயித்துக்குக் காத்துகினு கீறவன்ல ஒரு முதலாளி இல்ல. எல்லாம் சேரி, குப்பம், கூலி." பேசும்போதே இருமினாய். ஹைகோர்ட்டில் உன் அப்பீல் வருவதற்குள் அந்த இருமலே உன்னைக் கொண்டுபோய்விட்டது. கயிறு மிச்சம்.

இன்று உன் நினைவு நாள். மத்தியானமே போகவேண்டும் என்று சூப்பர்வைசரிடம் சொன்னேன். "யாரக் கேட்டு போற?" என்றார். பக்கத்தில் உரித்துக்கொண்டிருந்த அக்கா என் இடுப்பில் இடித்து, "பாத்து செய்ங்கண்ணான்னு சொல்லுடி" என்றாள். நான் அங்கே வாய் திறந்து யாரும் பார்த்ததில்லை.

"எங்க நைனாவுக்கு நெனவு நாளு. நான் போவணும்" என்றேன். இன்னொரு முறையும் சொன்னேன்.

உன்னைப் புதைத்த இடத்தில் மழை விட்டிருந்தது. யாரும் இல்லை. துண்டை இடுப்பில் கட்டாமல் தோளிலேயே போட்டுக்கொண்டு, அன்றைக்கு ஜட்ஜ் கேட்ட கேள்விக்குச் சத்தமாகவே பதில் சொன்னேன்.

சின்ன வயசுதாங்க. அவருக்கும் ஒரு பொண்ணு கீது. திருந்தி வாழ்ந்திருப்பாரு.