கீழவைப்பாரில் ஜாபேஸ் அடித்த மணி

அன்பு மகள் ஜெப்ஸிக்கு அம்மா எழுதுவது. ஆண்டவர் கிருபையில் அப்பாவும் நானும் உடம்புக்குக் குறைவில்லாமல் இருக்கிறோம், டப்ளினில் நீயும் மருமகனும் குழந்தையும் அப்படியே இருக்க வேண்டுகிறேன். போனில் பேசினால் அழுதுவிடுவேன், அதனால்தான் எழுதிப் போட்டோ எடுத்து அனுப்புகிறேன். அப்பா நாசரேத்தில் நம் வீட்டில் இருக்கிறார், இங்கே நடந்தது அவருக்கு இன்னும் தெரியாது, பிரஷர்காரரிடம் எப்படிச் சொல்ல.

உன் தம்பி ஜாபேஸ் எடுக்கிற குறும்படம் உனக்குத் தெரியுமே, வெள்ளைக்காரன் காலத்துப் போராட்டத்தில் போலீஸ் ஒரு மீனவர் ஊருக்குள் நுழைய, சனங்கள் கோயில் மணியடித்து ஒருவரையொருவர் உஷார்ப்படுத்தும் கதை. இன்று காலை கீழவைப்பார் என்ற கடற்கரை ஊரில் ஷூட்டிங், பழைய நூல் சேலை கட்டிக்கொண்டு நானும் கூட்டத்தில் ஒரு ஆள். அந்த ஊர் மாதா கோயில் மணியை ஓரிரு தட்டுத் தட்டிக்கொள்ளத்தான் பங்குச் சாமியார் அனுமதி கொடுத்தார். இந்த மடையன் சீன் நன்றாக வரட்டும் என்று கயிற்றை விடாமல் இழுத்தான். நமக்கு மணி என்றால் ஆராதனைக்கு நேரமாயிற்று, அவ்வளவுதான். இங்கே நேரமில்லாத நேரத்தில் நிற்காமல் அடித்தால் கடலில் ஆளுக்கு ஆபத்து என்று அர்த்தமாம், எங்களுக்குத் தெரியவில்லை. அடுப்பை அப்படியே விட்டு, பிள்ளையை இடுப்பில் இடுக்கிக்கொண்டு பெண்கள் அலறியடித்துக் கடற்கரைக்கு ஓடினார்கள். இவனோ, "எம்மா, சொல்லிக் குடுக்காமலே என்னமா பயப்படுதாவ பாரு" என்று கேமராவை நிறுத்தாமல் ஓடவிட்டான். சலேத்மேரி என்ற பெண் அவன் சட்டையைப் பிடித்து, "ஏலே, எதுக்கு மணி அடிச்ச, எங்க வீட்டுக்காரரு கடல்ல நிக்காரு" என்று கதறியபோதுதான் அவனுக்கு உறைத்தது. அவள் காலில் விழுந்தான்.

மத்தியானம் எல்லாப் படகும் கரைக்கு வந்தது, அவள் புருஷன் போன படகு மட்டும் வரவில்லை. அவர் போனுக்கும் லைன் கிடைக்கவில்லை. மணிக்கும் அதற்கும் சம்பந்தமில்லை என்று எனக்குத் தெரியும், ஆனாலும் மனசு ஒத்துக்கொள்ளவில்லை. தேடப் புறப்பட்ட படகில் உன் தம்பியும் ஏறிவிட்டான், குளத்தில்கூட முழங்கால் தண்ணீருக்கு மேல் இறங்காத பையன். வேண்டாமென்று கத்தினேன், "அடிச்சது நாந்தானம்மா" என்று மட்டும் சொன்னான். இருட்டப் போகிறது, காற்று வேறு பலமாக வீசுகிறது, பயமாக இருக்கிறது ஜெப்ஸி. சலேத்மேரி வீட்டில் உட்கார்ந்துதான் எழுதுகிறேன். அவளே எனக்குக் கடுங்காப்பி போட்டுத் தந்தாள், பக்கத்தில் ஆறிப்போய் இருக்கிறது.

நேரத்துக்குச் சாப்பிடு, குளிரில் குழந்தைக்குத் தலைக்கு ஊற்றாதே. அப்பாவிடம் எதையும் உளறிவிடாதே. கர்த்தர் உங்கள் மூவரையும் தம் செட்டையின் கீழ் வைத்துக் காக்கட்டும். ஜெபிக்கும்போது முதலில் அவள் புருஷனுக்காகக் கேள், பிறகு தம்பிக்காக. அதுதான் நியாயம். என் வாயில் ஜாபேஸ் பெயர்தான் முதலில் வருகிறது, அவளோ பக்கத்தில் முழங்காலிட்டு இரண்டு பேருக்காகவும் கேட்டுக்கொண்டிருக்கிறாள்.

உன் அம்மா
கிரேசி