வாயில்லாத விருந்தாளி

2024 பெப்ரவரி 3

இரவு மழை. காலையில் கிணற்றடி அன்னமுன்னா மரத்தின் கீழ் மிளகு கொட்டியது போல் எச்சம். குருவியுடையது அல்ல. நிமிர்ந்து பார்த்தேன். இலைகளுக்கு அடியில் பெருவிரல் தடிப்பில் மூன்று புழுக்கள். உடம்பெல்லாம் மாவு தூவியது போல் வெள்ளைத் தூள்.

இந்த வீட்டில் ஒன்றைப் பார்த்து, இது எனக்குத் தெரிந்தது என்று முதல் தடவையாக நினைத்தேன்.

எங்கள் பக்கத்தில் வீடு பெண்ணுக்கு. மாப்பிள்ளைதான் போய்ச் சேர வேண்டும். புளியந்தீவிலிருந்து இரண்டு பெட்டி புத்தகங்களோடு பெரியகல்லாற்றுக்கு, கேதீஸ்வரியின் வீட்டுக்கு, ஆவணியில் வந்தேன். இன்னும் வந்துகொண்டே இருக்கிறேன்.

பெப்ரவரி 5

இன்று பழஞ்சோறு கேட்டுப் பார்த்தேன். இராசாத்தி மாமி அதிர்ந்துபோனார். "மருமகனுக்குப் பழஞ்சோறா? ஊர் என்ன பறையும்? இருங்க, ஒரு நிமிசத்தில பிட்டு அவிச்சுத் தாறன்."

பிட்டு. முட்டைப் பொரியல். வாழைப்பழம். முன்னறை மேசையில் நான் தனியே.

குசினிக்குள் மூவரும் பழஞ்சோறு சாப்பிட்டார்கள். கந்தப்போடி மாமா ஏதோ சொல்ல, கேதீஸ் புரைக்கேறச் சிரித்தாள். என்னவென்று கேட்க எழுந்தேன். எழுந்ததும் மாமி ஓடி வந்தார், "என்ன வேணும் மருமகன்?"

ஒன்றும் வேண்டாம் என்றேன்.

பெப்ரவரி 8

சுதாகரனிடம் வாய்விட்டுச் சொல்லிவிட்டேன். நாங்கள் இருவரும் படிப்பிக்கும் ரியூசன் வகுப்புக்குப் பக்கத்தில், புளியந்தீவில், ஓர் அறை இருக்கிறதாம். கணவன் மனைவி இருக்கலாமாம். "பங்குனி முடியமுன்னம் சொல்லு உதயா. அங்க உன்ன ஆரும் கொடுமைப்படுத்துறாங்களா?"

இல்லை. நன்றாகப் பார்க்கிறார்கள்.

"மறுகா என்னடா?"

அதுதான் தெரியவில்லை.

பெப்ரவரி 10

முதலில் டசார் என்று நினைத்தேன். அதுவும் பட்டு அந்துதான். பச்சைப் புழு, பருத்த உடம்பு. ஆனால் டசாருக்கு இந்த வெள்ளைத் தூள் இல்லை. முதுகில் மெத்தென்ற முட்களும் இப்படி நீண்டிருக்காது. வந்தாறுமூலைப் பல்கலைக்கழகத்தில் படித்தபோது எழுதிய பழைய குறிப்பைத் தேடி எடுத்தேன். பின்னங்கால் பிடிப்பின் பக்கவாட்டில் செம்மஞ்சள் வளையம்.

மரத்தடியில் குந்தி, ஒரு புழுவின் பின்பக்கத்தை வெகுநேரம் பார்த்துக்கொண்டிருந்தேன். மாமா வலையோடு போனவர் நின்று பார்த்தார். ஒன்றும் கேட்கவில்லை. மருமகனிடம் கேட்கமாட்டார்.

வளையம் இருக்கிறது. அட்லஸ். உலகத்தின் மிகப் பெரிய அந்துகளின் சாதி, கிணற்றடியில்.

யாரிடமாவது சொல்ல வேண்டும் போல் இருந்தது. சொல்லவில்லை.

பெப்ரவரி 14

ஒன்றைச் செண்பகப் பறவை கொண்டுபோய்விட்டது. மற்ற இரண்டும் தின்பதை நிறுத்திவிட்டன. இலையை மடித்து உள்ளே போய்விட்டன. இலைக்காம்பையும் கொப்போடு சேர்த்துப் பட்டால் கட்டியிருக்கின்றன, இலை உதிர்ந்தாலும் கூடு விழாமல் இருக்க.

டசார் கூடு முட்டை போல் வழுவழுப்பாக, காம்பில் தொங்கும். இது சுருண்ட சருகு மட்டுமே. யாரும் திரும்பிப் பார்க்கமாட்டார்கள்.

பெப்ரவரி 17

காகம் கொத்துகிறது. கொப்போடு வெட்டி, சப்பாத்துப் பெட்டியில் துளையிட்டு வைத்தேன். புத்தகப் பெட்டிக்கு மேல்.

பெப்ரவரி 25

கேதீஸிடம் அறையைப் பற்றிச் சொன்னேன். கோபிப்பாள் என்று நினைத்தேன்.

"வாறன். எனக்குக் கந்தோர் வேலைக்குப் போகவும் கிட்டத்தான். ஆனா அம்மாட்ட நீங்கதான் சொல்லவேணும். ஏனெண்டு கேப்பா. என்ன சொல்லுவீங்க? நல்லாப் பாத்தீங்க, அதால போறன் எண்டா?"

எழுந்து யன்னலைச் சாத்தினேன். அவளும் வற்புறுத்தவில்லை. விளக்கை அணைத்தபின் மெதுவாகச் சொன்னாள், "போனா, அம்மா இந்தக் கதவைப் பாத்துக்கொண்டே இருப்பா."

மார்ச் 4

ஒரு கூட்டில் ஊசி குத்தியது போல் துளை. பெட்டிக்குள் சிறு குளவிகள். புழுவாக இருந்தபோதே உள்ளே முட்டை இட்டிருக்கின்றன. வெளியே எல்லாம் ஒழுங்காக நடந்தது. தின்றது, தோலுரித்தது, கூடு கட்டியது. உள்ளே வேறு யாரோ தின்றுகொண்டிருந்தார்கள்.

உவமை வேண்டாம். கூடு ஒன்று மிச்சம். அவ்வளவுதான்.

மார்ச் 12

என்ன செய்துபோட்டன்.

வகுப்பு முடிந்து வந்து பெட்டியைத் திறந்தேன். கூட்டுக்குப் பக்கத்தில் நாலு வெள்ளை உருண்டை. பூச்சி உருண்டை. புத்தகங்களுக்கு நடுவிலும், சட்டைகளுக்கு நடுவிலும். கண் எரிந்தது.

"ஆர் இதப் போட்டது?"

மாமி ஓடி வந்தார். "நான்தான் மருமகன். உங்கட புத்தகத்தில பூச்சி ஓடிச்சுது. அரிச்சுப்போடும் எண்டு..."

"பூச்சி வளக்கிற பெட்டிக்குள்ள கொண்டுவந்து பூச்சிமருந்தப் போட்டிருக்கிறீங்க! என்ர சாமானத் தொடச் சொல்லி ஆர் கேட்ட? எனக்குச் செய்யச் சொல்லி ஆர் கேட்ட?"

கத்தினேன். நான்தான். மாமா வலையைப் போட்டுவிட்டு வாசலில் வந்து நின்றார். மாமி குனிந்தார். உருண்டைகளை ஒவ்வொன்றாகப் பொறுக்கி, முந்தானையில் முடிந்துகொண்டு போனார்.

அந்தப் பெட்டிக்குள் என்ன இருக்கிறது என்று அவருக்கு யார் சொன்னது? யாரும் இல்லை. கேதீஸுக்குக் கூட நான் சொல்லவில்லை.

எப்போது போட்டாரோ. எத்தனை நாள் அந்தக் காற்றை அது மூச்சாக எடுத்ததோ.

சுதாகரனுக்கு இனி ஓம் என்று சொல்ல வேண்டியதுதான். இருக்க விடமாட்டார்கள்.

மார்ச் 13

குசினிக்குள் போனேன். முதல் தடவை. மாமி மீன் வெட்டிக்கொண்டிருந்தார்.

"மன்னிச்சுக்கொள்ளுங்க மாமி."

திரும்பவில்லை. கத்தி மட்டும் நின்றது.

"மன்னிப்பும் கின்னிப்பும்! உனக்கு வாய் இருக்கெண்டு நேத்துத்தான் எனக்குத் தெரியும். 'மாமி, இதுக்குள்ள ஒரு உயிர் கிடக்கு' எண்டு ஒரு சொல்லுச் சொல்லியிருந்தா நான் தொட்டிருப்பனா? வந்த நாளையில இருந்து, வஸ்ஸுக்கு நிக்கிற பயணி மாதிரி முன்னுக்குக் குந்திக்கொண்டிருக்கிறாய். என்ன பிடிக்கும், என்ன பிடிக்காது, ஒண்டும் சொல்லமாட்டாய். நான் என்ன சாத்திரமா பாக்கிற? மீன் உறைப்பெண்டாலும் விழுங்கிறாய், உப்பில்லையெண்டாலும் விழுங்கிறாய். கண்ணில தண்ணி வர வர விழுங்கினத நான் பாக்கல்லையெண்டு நினைச்சியா?"

நிறுத்தவில்லை. மூச்சு எடுத்து மறுபடி தொடங்கினார். கேதீஸ் வாசலில் நின்று வாயைப் பொத்திக்கொண்டிருந்தாள்.

"நிண்டு பாக்காம அந்தத் தேங்காயத் திருவு."

திருவினேன். சிரட்டையும் சேர்ந்து வந்தது. அதற்கும் ஏச்சு.

நெஞ்சுக்குள் எதுவோ இறங்கியது. இதற்கு ஒரு சொல் இருக்க வேண்டும். தேடவில்லை.

மார்ச் 14

கூட்டை மெல்ல ஆட்டிப் பார்த்தேன். உள்ளே அசைவு இல்லை.

மார்ச் 19

மாமி பெட்டியை என் அறையிலிருந்து எடுத்துக் காற்றுப்படும் இடத்தில், குசினி யன்னலில் வைத்திருக்கிறார். வருகிறவர்களிடமெல்லாம் "கிட்டப் போகாதீங்க, உள்ளுக்குப் புள்ளைத்தாச்சி" என்கிறார்.

செத்திருக்கும் என்று சொல்ல எனக்கு வாய் வரவில்லை.

மார்ச் 23

"மனே! மனே! சுறுக்கா ஓடியா! உன்ர பெட்டிக்குள்ள வவ்வால்!"

ஓடினேன். கால் கதவில் இடித்தது. இப்போதும் வலிக்கிறது. நல்ல வலி.

வவ்வால் அல்ல. கூட்டைப் பிடித்துக்கொண்டு தொங்கியது. கசங்கிய ஈரத்துணி போல் சிறகு. பார்க்கப் பார்க்க விரிந்தது. செம்பழுப்பு. ஒவ்வொரு சிறகிலும் ஒரு முக்கோணக் கண்ணாடி யன்னல். முன்சிறகின் நுனியில் பாம்புத் தலை. விரித்தால் என் இரண்டு உள்ளங்கைகளுக்கும் மேல். உணர்கொம்பு மெல்லியது, வயிறு பருத்தது. பெண்.

உயிரோடு.

மாமி ஒரு பீங்கானில் சீனித்தண்ணீரும் வாழைப்பழத் துண்டும் கொண்டுவந்து முன்னால் வைத்தார்.

"அதுக்கு வாய் இல்ல மாமி."

"வாய் இல்லையா? மறுகா எப்பிடிச் சீவிக்கும்?"

"புழுவா இருக்கக்குள்ள திண்டதுதான். அத வைச்சு ஒரு கிழமை மட்டும்."

"ஒரு கிழமைக்கு என்னத்துக்கு வந்தது?"

"முட்டை போட. ஆம்பிளை வரவேணும். இது அசையாது. வாசம் மட்டும் விடும். அவன் எங்க இருந்தாலும் பறந்து வருவான்."

மாமா பீடியை எடுத்துவிட்டுச் சிரித்தார். "அப்ப இதுவும் எங்கட ஊர்ப் பொம்பிளைதான். வீட்ட விட்டு வெளிக்கிடாது."

கேதீஸ் என்னைப் பார்த்தாள். நான் தரையைப் பார்த்தேன்.

மார்ச் 24

மாமா தன் பழைய கரப்பைத் தந்தார். மீன் பிடிக்கும் அடியில்லாத கூடை. அன்னமுன்னாவில் வாய் கீழாகக் கட்டினோம். உள்ளே அவள். காகம் நெருங்கவில்லை.

வாவிக் காற்று. நல்ல காற்று. ஆனால் ஆண் இருந்தால்தானே வரும். இந்த மரத்தில் மூன்றுதான் இருந்தன.

மார்ச் 25

யாரும் வரவில்லை. மாமி விடிந்ததும் எனக்கு முன்னால் போய்ப் பார்த்திருக்கிறார். "பாவம், கண்ணாடி போட்ட வீடு கட்டி வைச்சுக்கொண்டு பாத்திருக்குது."

மார்ச் 26

வந்திருக்கிறான்!

கரப்புக்குள் இரண்டு. வாலோடு வால் சேர்ந்து, அசையாமல். அவன் சிறியவன். உணர்கொம்பு பறவை இறகு போல் அகன்றது. ஒரு சிறகின் ஓரம் கிழிந்திருக்கிறது. எங்கிருந்து? வாவிக்கு அங்காலிருந்தா? அப்படியென்றால் அங்கும் இருக்கின்றன. நான் பார்க்காத மரங்களில், சருகு போல்.

மாமா சுற்றிவந்து பார்த்தார். "மாப்பிள்ளை வந்திட்டார். கையில ஒண்டும் இல்ல. எங்கட மாப்பிள்ளை எண்டா ரெண்டு பெட்டி புத்தகம் காவிக்கொண்டு வந்தவர்."

"புத்தகம் இல்லாட்டி இது என்னெண்டு உங்களுக்கு ஆர் சொல்லியிருப்பா மாமா?"

என் வாய்தான். மாமா ஒரு கணம் பார்த்தார். பிறகு என் முதுகில் ஓர் அடி, சிரிப்போடு.

பின்னேரம் வரைக்கும் அவை பிரியவில்லை. மாமிக்குப் பொறுக்கவில்லை. "வெள்ளாப்பில இருந்து இப்பிடியே. ரோட்டால ஆக்கள் போகுது. மனே, இந்தச் சீலைய அதச் சுத்திக் கட்டு."

கட்டினேன். நீலச் சீலை, மஞ்சள் பூ.

மார்ச் 28

சுதாகரனுக்கு அழைத்தேன். அறை வேண்டாம்.

"ஏன்டா?"

"இஞ்ச வேலை கிடக்கு."

"என்ன வேலை?"

"தேங்காய் திருவிற."

ஏசிவிட்டு வைத்துவிட்டான். கேதீஸ் உள்ளிருந்து கேட்டிருக்கிறாள். என் புத்தகங்களைப் பெட்டியிலிருந்து எடுத்து, தன் அலுமாரியில் அடுக்கத் தொடங்கினாள். ஆவணியிலிருந்து அவை பெட்டியிலேயே கிடந்தன.

மார்ச் 31

இறந்துவிட்டாள். கரப்பின் ஈர்க்குகளில் வரிசை வரிசையாக முட்டைகள். கரப்பு இனி மாமாவுக்கு உதவாது. "கிடக்கட்டும்" என்றார்.

ஏப்ரல் 8

பொரித்துவிட்டன. மயிரிழைப் புழுக்கள். முதல் வேலையாகத் தம் முட்டை ஓட்டைத் தின்றன. பிறகுதான் இலை. ஒவ்வொன்றாக அன்னமுன்னாவுக்கு மாற்றிவிட்டுக் கை கழுவி வர நேரமாகிவிட்டது.

முன்னறை மேசை வெறுமையாக இருந்தது. மாமி குசினிக்குள்ளிருந்து கூப்பிட்டார்.

"மா முடிஞ்சு போச்சு. பழஞ்சோறுதான் கிடக்கு. திண்டாத் தின், இல்லாட்டிக் கடைக்குப் போ."

கேதீஸ் கொஞ்சம் நகர்ந்து இடம் தந்தாள். நிலத்தில் இருந்தேன். புளித்த சோறு, மோர், சின்ன வெங்காயம். கருவாட்டின் பெரிய துண்டு மாமாவுக்குப் போனது.