நுனி தெரியாத ஸ்வெட்டர்

அக்டோபர் 7, செவ்வாய்

சனிக்கிழமைப் பால் இன்றும் கெடவில்லை. ஃபிரிட்ஜ் ரிப்பேராகி மூன்று நாளாகிறது. சொம்பின் மேல் நான் குரோஷாவில் பின்னிய மூடி கிடந்தது, அவ்வளவுதான். அதை எடுத்துவிட்டுக் காபி கலக்கப் போனேன். கண் முன்னாலேயே பால் திரிந்து நாறியது. மூன்று நாள் கெடுதல், ஒரே நிமிஷத்தில்.

அந்த மூடி பின்னிய ஊசி, கோயிலில் நடந்த பழைய சாமான் விற்பனையில் பிஸ்கட் டப்பாவோடு கிடைத்தது. எலும்பு ஊசி. எவ்வளவு நேரம் கையில் பிடித்தாலும் சூடேறுவதில்லை.

அக்டோபர் 9, வியாழன்

ஆப்பிளை நறுக்கி மூடிவைத்துப் பார்த்தேன். கறுக்கவில்லை. பெர்னார்டிடம் சொல்லவில்லை. சொன்னால், "உனக்கு முத்திடுச்சு டோரதி" என்பார். நாற்பது வருஷமாய் என் கணவர் என்னைப் பற்றிச் சொல்வது அதுதான்.

அக்டோபர் 11, சனி

பெர்னார்டை இனி ஆஸ்பத்திரிக்குக் கூட்டிவர வேண்டாம் என்று டாக்டர் சொல்லிவிட்டார். ஈரல் முழுக்கப் பரவிவிட்டதாம். ஒரு வாரம், மிஞ்சினால் பத்து நாள்.

கனடாவில் ரயானின் குடியிருப்பு கார்டு புதுப்பிக்கப் போயிருக்கிறது. அது கைக்கு வராமல் கிளம்பினால் திரும்ப உள்ளே விடமாட்டார்களாம். "இன்னும் ஒரு மாசம் ஆகும் மம்மி" என்று போனில் அழுகிறான். இவரோ கதவுச் சத்தம் கேட்டால் போதும், "ரயான் வந்துட்டானா?" ஒரே பிள்ளை. பார்த்து நாலு வருஷம் ஆகிறது.

ஒரு மாசம். பால் மூன்று நாள் தாங்கியது. மனுஷன்?

அக்டோபர் 16, வியாழன்

முடித்துவிட்டேன். கையில்லாத ஸ்வெட்டர். இவரால் கையைத் தூக்க முடியாது. அதனால் முன்பக்கம் திறந்தபடி பின்னி, உடம்பில் போட்டு, அப்படியே கீழிருந்து கழுத்துவரை இணைத்தேன். நூல் நுனியை உள்ளே நுழைத்து மறைத்தேன். என் வேலையில் நுனி எங்கே என்று யாரும் கண்டுபிடித்ததில்லை. நாங்கள் இருக்கும் மர்பி டவுனில் எனக்கு அந்தப் பேர் உண்டு.

கடைசிக் கண்ணி விழுந்தபோது சாயங்காலம். "ரயான் வந்துட்டானா?" என்று கேட்டுக்கொண்டிருந்தார். "வருவான்" என்றேன். மூச்சு சீரானது. கர்த்தரே, உமக்கு நன்றி.

அக்டோபர் 20, திங்கள்

வீட்டுக்கு வந்து பார்க்கும் நர்ஸ் நிருபமா, பிரஷரை இரண்டு தடவை பார்த்தாள். "மிஷின் கெட்டுப் போச்சா ஆன்ட்டி? நாலு நாளா அதே நம்பர்." மிஷினைத் தட்டிப் பார்த்துக்கொண்டே போனாள். எனக்கு உள்ளுக்குள் பெருமை. இருக்காதா பின்னே?

அக்டோபர் 24, வெள்ளி

எட்டு நாளாய் இவருக்குச் சவரம் தேவைப்படவில்லை. சோறு வேண்டாம், தண்ணீர் வேண்டாம். ஒரு இருமல், ஒரு கேள்வி. மறுபடி அதே இருமல், அதே கேள்வி. நான் சொல்லும் பதில் காதில் ஏறுவதில்லை.

அக்டோபர் 27, திங்கள்

"ரயான் வந்துட்டானா?"

எத்தனை தடவை என்று எண்ணினேன். பிறகு பயந்து நிறுத்திவிட்டேன்.

நவம்பர் 7, முதல் வெள்ளி

ஃபாதர் நற்கருணை கொண்டுவந்தார். நாக்கில் வைத்தார், ஜெபித்தார், போனார். மத்தியானம் வாயைத் துடைக்கப் போனால் – அப்பம் அப்படியே இருக்கிறது. கரையவில்லை. ஓரம்கூட நனையவில்லை.

ஆண்டவரையே உள்ள விடாம நிறுத்திட்டேனே. நான் என்ன பண்ணிட்டேன்? இதை யாருகிட்ட போய்ச் சொல்ல? ஃபாதர்கிட்டயா? பாவசங்கீர்த்தனத்துல இதுக்கு என்ன பேரு சொல்லுவேன்?

பிள்ளை வரட்டும். அவன் வந்தால் எல்லாம் சரியாகும்.

நவம்பர் 15, சனி

ரயான் வந்துவிட்டான். பெட்டியைக்கூட உள்ளே எடுக்கவில்லை, ஓடிவந்து கட்டிலருகே மண்டி போட்டான். "டாடி!"

இவர் அவன் முகத்தையே பார்த்தார். "ரயான் வந்துட்டானா?"

"நான்தான் டாடி. பாருங்க, நான்தான்."

இருமல். "ரயான் வந்துட்டானா?"

இவர் இன்னும் அக்டோபர் பதினாறாம் தேதி சாயங்காலத்தில் இருக்கிறார். அந்தச் சாயங்காலத்தில் ரயான் வரவில்லை.

அவனிடம் எல்லாவற்றையும் சொன்னேன். கத்துவான் என்று நினைத்தேன். ஊசியைக் கையில் வாங்கி வெகுநேரம் பார்த்துக்கொண்டே இருந்தான்.

நவம்பர் 16, ஞாயிறு

ஸ்வெட்டர் கழலவில்லை, ஒரு நூல்கூட நெகிழவில்லை. கத்தரி ஏறவில்லை. பிளேடு மழுங்கிப்போனது. பிரித்தால்தான் உண்டு. நுனி எங்கே? மறைத்தவளுக்கே தெரியவில்லை. காலையிலிருந்து கழுத்தோரம் முழுக்க விரலால் தடவினேன். என் திறமையில் இடி விழ. மூன்று மணிக்கு எலும்பு ஊசியின் கொக்கியில் சிக்கியது. இழுத்தேன்.

வரி வரியாகப் பிரிந்தது. ஒவ்வொரு வரிக்கும் தாடி வளர்ந்தது, நகம் நீண்டது, கன்னம் ஒட்டியது. நெஞ்சுவரை பிரிந்தபோது நாக்கில் இருந்ததை விழுங்கினார். கண் தெளிந்தது.

"எப்படா வந்தே? ஏன்டா இப்படி இளைச்சிட்டே?"

ரயான் என் கையை இறுக்கிப் பிடித்தான். "மம்மி, போதும். நிறுத்துங்க. டாடி இப்படியே இருக்கட்டும்."

எனக்கும் ஆசைதான். இல்லையென்று எழுதினால் பொய்.

"இப்ப நிறுத்தினா, எப்படா வந்தேன்னு கேட்டுக்கினே இருப்பாருடா. நீ சொல்ற பதில் அவருக்குக் கேக்காது" என்றேன். அவன் விடவில்லை. அவன் கையையும் சேர்த்தே இழுத்தேன்.

நவம்பர் 17, திங்கள்

காலையில் நாலு ஸ்பூன் காபி குடித்தார். ரயானின் வேலையைப் பற்றி, அங்கே விழும் பனியைப் பற்றிக் கேட்டார். பதில் சொல்லச் சொல்லத் தலையாட்டினார். பதினொன்றரைக்குப் போய்விட்டார்.

நவம்பர் 30, ஞாயிறு

ரயான் ஊருக்குக் கிளம்பினான். ஏர்போர்ட்டுக்கு வர வேண்டாம் என்றான்.

டிசம்பர் 14, ஞாயிறு

பிஸ்கட் டப்பாவில் ஊசி இல்லை. வீட்டில் தேடாத இடமில்லை.

மத்தியானம் மருமகள் ஆஞ்சலா வீடியோ காலில் வந்தாள். மடியில் நீல உல்லன் நூலுருண்டை. "மம்மி, உங்க தோள் அளவு எவ்ளோ? ரயான் கேக்கச் சொன்னாரு. அடுத்து நாங்க வர்றதுக்கு எப்படியும் மூணு வருஷம் ஆகுமாம்."

அளவு சொல்லவில்லை. போனை அவனிடம் கொடுக்கச் சொன்னேன். அவன் என் முகத்தைப் பார்க்கவில்லை.

"எனக்கு வயசாகட்டும்டா. நீ வர்றப்போ எப்படி இருக்கேனோ அப்படிப் பாரு. இல்லன்னா என் கல்லறையப் பாரு. அந்த ஊசிய உடைச்சுப் போடு."

"சரி மம்மி" என்றான். பொய் சொல்லும்போதுதான் இவ்வளவு சீக்கிரம் சரி என்பான்.

கனடாவிலிருந்து என் பேருக்குப் பார்சல் வந்தால் வாங்க வேண்டாம் என்று பக்கத்து வீட்டு ரமாவிடம் சொல்லிவைத்திருக்கிறேன்.