கறுப்புப் பாம்பைப் பற்றிய பக்கம்

மார்பர்க், வியாழன்

அன்புள்ளவருக்கு,

கையெழுத்து கோணலாக இருக்கிறதே என்று பயப்படாதீர்கள். இடது கையால் எழுதுகிறேன்.

நீங்கள் லைப்சிக் அச்சகத்துக்குக் கிளம்பிய மறுநாள் பாம்புகளுக்குத் தண்ணீர் மாற்றினோம். கறுப்புப் பாம்பின் கண்ணாடிப் பெட்டியைத் திறக்க வேலைக்காரி ஒட்டீலி தயங்கினாள். "விஷமில்லன்னு ஐயாவே எழுதி ஒட்டியிருக்காரு, உனக்கென்னடி பயம்?" என்று கேட்டுவிட்டு நானே கையை விட்டேன்.

வைத்தியர் வைகாண்ட் என் கையில் வீக்கம் நின்ற இடத்தில் மையால் கோடு போட்டார். வீக்கம் இரண்டு கோடுகளைத் தாண்டியது. "மூணாவதையும் தாண்டினா என்னால ஒண்ணும் செய்ய முடியாதும்மா" என்றார். இன்று காலையிலிருந்து தாண்டவில்லை.

மதியம் எழுந்துபோய் அந்தப் பாம்பைப் பார்த்தேன். பூனைக்கு இருப்பதுபோல் கண்மணி நெட்டுக்கோடாக இருக்கிறது. உச்சந்தலையில் பொடிச் செதில்கள். எல்லாம் நீங்கள் சொல்லிக்கொடுத்த அடையாளங்கள்தான். அது விரியன், நிறம்தான் கறுப்பு.

அச்சுக்குக் கொண்டுபோன புத்தகத்தில் அதைப் புது இனம், விஷமற்றது என்று எழுதியிருக்கிறீர்கள். பதினோரு வருட உழைப்பு என்று எனக்குத் தெரியாதா? ஆனால் உங்களை நம்பி ஒருத்தி அதைத் தன் குழந்தையின் கையில் கொடுத்துவிடுவாள்.

இதைப் படித்ததும் வண்டி தேடி ஓடாதீர்கள். முதலில் அச்சகத்துக்குப் போய் அந்தப் பக்கத்தை நிறுத்துங்கள். அதன்பிறகு வீட்டுக்கு வாருங்கள்.

உங்கள் மனைவி