எண்ணெய் முள் எழவில்லை

நேசம்மாள்,

நீ சித்தி வீட்டிலிருந்து திரும்புவதற்குள் உன் தங்கை தேவகனிக்குப் பிரசவ வலி கண்டுவிட்டது. முதலாளியின் காரில் நாகர்கோவில் ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோகிறேன். பக்கத்து வீட்டு ஞானம்மை கூட வருகிறாள். கஞ்சி உறியில் இருக்கிறது.

உன் தலையணையைப் பிரித்தது எலி அல்ல, நான்தான். கார் என்ஜினிலிருந்து எண்ணெய் அழுத்தம் காட்டும் முள்ளுக்குப் போகும் செம்புக் குழாய் ஒழுகியது. அதன் திருகு மரையில் உன் இலவம்பஞ்சைச் சுற்றி முறுக்கினேன். நேற்றிலிருந்து முள் பூஜ்யத்தை விட்டு எழவில்லை.

பஞ்சு உள்ளே போய் அடைத்திருந்தால் முள் பொய் சொல்கிறது, பயமில்லை. இல்லையென்றால் என்ஜினுக்குள் எண்ணெய் ஏறவில்லை. பாதி வழியில் இறுகி நின்றுவிடும்.

குழாயைக் கழற்றிவிட்டு ஒருவர் முன்னால் கைப்பிடியைச் சுற்ற, எண்ணெய் பீறிடுகிறதா என்று இன்னொருவர் பக்கத்தில் நின்று பார்க்கவேண்டும். நேற்று நான் எலி என்றதை நம்பாமல் நீ முகம் கொடுக்காமல் போய்விட்டாய். வேறு ஆளைக் கூப்பிட்டால் முதலாளி காதுக்குப் போகும். தனியாகச் சுற்றிவிட்டு ஓடிவந்து பார்த்தேன். தரை நனைந்திருந்தது. பீறிட்டதா, சும்மா சொட்டியதா, தெரியவில்லை.

கிருஷ்ணமணியின் வில்வண்டியை உடனே எங்கள் பின்னால் அனுப்பு. நீயும் அதில் வா.

பி.கு. பிரித்த தலையணையை தேவகனியின் முதுகுக்கு எடுக்கத் திரும்பி வந்தேன். முள்ளின் மேல் என் துண்டைப் போட்டு மூடியிருக்கிறேன். "அத்தான், அதுக்க மேல ஏன் துணிய போட்டிருக்கிய?" என்று தேவகனி கேட்டாள். வெயில் பட்டுக் கண் கூசுகிறது என்றேன்.

வெளியே மழை தூறிக்கொண்டிருக்கிறது.