கரி பூசிக்கொண்டு வீட்டுக்குள் வந்தவன்

ஹெப்பிள்ஷா,
1946 டிசம்பர் 29, ஞாயிறு.

என் மகள் எட்னாவுக்கு அம்மா எழுதுவது. கிறிஸ்துமஸ் காலையில் நம் வீட்டுக்குள் இருந்தவர்கள் நான், உன் அப்பா, உன் அத்தை பெர்த்தா, நம் பிள்ளை வால்டரின் மனைவி நோரா, அவள் குழந்தை ஜீன், ஆக ஐந்து பேர். வெளியே வாசற்படியில் நின்றது ஒருவன், முகாமிலிருந்து வந்த ஜெர்மன் கைதி. இந்த ஆறு பேரைத் தவிர வேறு யாராவது தாங்களும் பார்த்ததாக உனக்கு எழுதினால் நம்பாதே, முக்கியமாக எதிர்வீட்டு பூத்ராய்ட் பெண்சாதி, அன்று அவள் வீட்டுத் திரை பதினோரு மணிவரை மூடிக் கிடந்தது, நான் பார்த்தேன்.

இங்கே எல்லோருக்கும் உடம்பு பரவாயில்லை, அப்பாவின் இருமல் மட்டும் குறையவில்லை, பாய்லர் அறையில் முப்பது வருஷம் நின்றவருக்கு வேறெப்படி இருக்கும். நீயும் உன் வீட்டுக்காரரும் வயிற்றிலிருக்கும் பிள்ளையும் ஒரு குறையும் இல்லாமல் இருக்கிறீர்கள் என்ற செய்தி வரும்வரை எனக்குச் சோறு இறங்காது. நீ அனுப்பிய பார்சல் வந்து சேர்ந்தது, பன்றித் தொடை டின் இரண்டும் உலர்ந்த திராட்சையும் முழுசாக இருந்தன, சோப்பு மட்டும் ஒரு மூலையில் உடைந்திருந்தது. சண்டையில் ஜெயித்தது நாம்தான் என்கிறார்கள், சண்டை நடந்தபோதுகூட ரொட்டிக்குக் கூப்பன் கிடையாது, இப்போது அதற்கும் கூப்பன். அதனால் உன் டின்னைத் திறந்துதான் பண்டிகை நடந்தது.

இனி உன் வீட்டுக்காரருக்கும் படித்துக் காட்டு, கனடாக்காரருக்கு நம் வழக்கம் தெரியாது. கிறிஸ்துமஸ் காலையில் நம் வாசலை முதலில் மிதிப்பவன் கறுத்த தலைமுடிக்காரனாக இருக்க வேண்டும், கையில் ஒரு கரித்துண்டு இருக்க வேண்டும். அவன் வரும்வரை உள்ளே இருப்பவர் வெளியே போகக் கூடாது. மஞ்சள் தலையோ செம்பட்டைத் தலையோ முதலில் வந்தால் அந்த வருஷம் அந்த வீட்டுக்கு ஆகாது. சிரிக்க வேண்டாம். நாற்பத்திரண்டு கிறிஸ்துமஸில், வருஷா வருஷம் நமக்கு முதலில் வரும் பக்கத்து வீட்டுக் கறுத்த முடிக்காரர் சக்டன் வருவதற்குள் பால்காரன் இங்காம் அந்தச் செம்பட்டைத் தலையோடு பால் செம்பை எடுக்க உள்ளே கால் வைத்தான். அடுத்த செப்டம்பரில் வால்டர் போன விமானம் திரும்பி வரவில்லை. அன்றிலிருந்து நான் அவனிடம் பால் வாங்குவதில்லை, தெருவில் பார்த்தால் முகம் கொடுப்பதும் இல்லை. முதல் பிள்ளை உனக்குத் தங்காமல் போன வருஷம் யார் முதலில் வந்தார்கள் என்று எனக்கு நினைவிருக்கிறது, ஆனால் அதை எழுத மாட்டேன். இந்த முறை உனக்கு எதுவும் ஆகக் கூடாது என்பது ஒன்றுதான் என் மனதில் இருந்தது, அதை வைத்துக்கொண்டு மேலே படி.

இந்த வருஷம்தான் கைதிகளை வீட்டுக்கு அழைக்கலாம் என்று அரசாங்கம் விட்டிருக்கிறது. நம் சேப்பல் போதகர் வீட்டுக்கு ஒருவனைக் கூப்பிடுங்கள் என்றார், அப்பா உடனே கையைத் தூக்கிவிட்டார், என்னைக் கேட்கவில்லை. பகல் பன்னிரண்டுக்கு வரச் சொல்லியிருந்தது. சக்டன் வழக்கம்போல ஏழு மணிக்கு வந்துபோய்விட்டால் பிறகு எவன் வந்தால் என்ன என்று நானும் விட்டுவிட்டேன். ஆனால் சக்டன் நெஞ்சுச் சளியோடு படுத்த படுக்கை, எழுந்திருக்க முடிந்தால் பதினோரு மணிக்குமேல் வருவார் என்று அவர் பெண்சாதி சுவருக்கு அப்பாலிருந்து சொன்னாள். நேரத்தை மாற்றிப் புரிந்துகொண்டானோ என்னவோ, ஒன்பது மணிக்கே கதவு தட்டுகிற சத்தம். ஜன்னல் வழியாகப் பார்த்தேன், நாலு மைல் பனியில் நடந்து வந்திருக்கிறான், முதுகில் கைதிகளுக்குத் தைக்கும் வட்டத் துணி, தொப்பிக்குக் கீழே காதோரம் மஞ்சள் முடி. வைக்கோல் மஞ்சள், எட்னா. நான் தாழ்ப்பாளைப் போட்டுவிட்டேன்.

அப்பா எழுந்து வந்து, கூப்பிட்டவனை வெளியே நிறுத்துவது என்ன மரியாதை என்று கேட்டார். அவன் ஜெர்மன்காரன் என்பதற்காக இல்லை, தலைக்காக என்றேன். உனக்குப் பைத்தியம் என்றார், ஆனால் தாழ்ப்பாளில் கை வைக்கவில்லை, அவருக்கும் உன் நினைவுதான். கடைசியில் பெர்த்தாவை மாடிக்கு அனுப்பினோம். ஜன்னலைத் திறந்து, இது இந்த ஊர் வழக்கம், தலைமுடி விஷயம், கொஞ்சம் பொறுத்துக்கொள் என்று நல்லபடியாகச் சொல்லிவிட்டு வா என்றேன். அவள் போனாள், ஜன்னல் திறந்தது, மூடியது, இறங்கி வந்தாள். சொல்லியாச்சு அண்ணி என்றாள். அந்தப் பிள்ளை தொப்பியைக் கழற்றிவிட்டுத் தலையைக் குனிந்து நின்றான். பார்த்தாயா, புரிந்துகொண்டான், தலையைக் காட்டுகிறான் என்று நான் அப்பாவிடம் சொன்னேன். அப்படித்தான் நினைத்தேன்.

அவன் போகவும் இல்லை, நகரவும் இல்லை. பொடிப்பனி விழுந்துகொண்டே இருந்தது, தலைமேல் விழுந்ததைத் தட்டிவிடவும் இல்லை. கோட்டுக்குள் எதையோ அணைத்துப் பிடித்திருந்தான், அது ஜீனுக்காக அவன் செதுக்கிய மரக்கோழி என்று பிறகுதான் தெரிந்தது. ஜீன் ஜன்னலில் மூக்கை ஒட்டிக்கொண்டு, அந்த மாமா ஏன் பாட்டி ஜெபம் பண்ணுறாரு என்று கேட்டது. ஒரு மணி நேரம் ஆயிற்று. நோரா பின்னலைக் கீழே வைத்துவிட்டு, அத்தை, அந்த ஆளு அப்படியே மரத்துப்போயிடுவான் என்றாள். அவள் புருஷனைச் சுட்டு வீழ்த்தியது அவன் நாட்டுக்காரர்கள், அவளே அப்படிச் சொன்னாள். ஆனாலும் நான் திறக்கவில்லை. வாசலில் நிற்பவனும் ஒருத்தி பெற்ற பிள்ளைதான் என்று தெரியாமல் இல்லை, என் பிள்ளை கடல் தாண்டி இருக்கிறாளே.

அப்பாவுக்குத்தான் அந்த யோசனை வந்தது. ஜன்னலருகே போய்க் கரிக்கொட்டகையைக் கையால் காட்டினார், பிறகு தன் வழுக்கைத் தலையை இரண்டு கையாலும் தேய்த்துக் காட்டினார், சோப்புப் போடுகிற மாதிரி. அந்தப் பிள்ளை விழித்தான். அப்பா மறுபடியும் செய்தார், முகத்தையும் சேர்த்துத் தேய்த்துக்கொண்டார். அப்போது அவன் முகம் மாறியதைப் பார்க்க நீ இங்கே இல்லாமல் போனாயே. ஓடிப்போய்க் கொட்டகைக்குள் நுழைந்தான், வெளியே வரும்போது தலை, நெற்றி, காது எல்லாம் கன்னங்கரேல், கையில் ஒரு பெரிய கரித்துண்டு. நான் தாழ்ப்பாளை எடுத்தேன். வலது காலை வைத்து உள்ளே வந்தான், கரியை நேராகக் கொண்டுபோய் அடுப்பில் போட்டான், யாரும் சொல்லிக்கொடுக்கவில்லை. அரைகுறைப் பேச்சில் அவன் சொன்னது, அவர்கள் ஊரில் புகைபோக்கி துடைப்பவன் எதிரே வந்தால் நல்ல காலமாம், வருஷக் கடைசியில் அவன் சட்டைக் கரியைத் தொடுவதற்குச் சனங்கள் பின்னாலேயே ஓடுமாம். என் உடம்பு சிலிர்த்துப்போயிற்று. முப்பது வருஷத்தில் இரண்டு தரம் ஒருவர் தலையில் ஒருவர் நெருப்பைக் கொட்டினோம், அவர்களைப் பிசாசுகள் என்று பள்ளிக்கூடத்துப் பிள்ளைகளுக்கும் சொல்லிக்கொடுத்தோம், அங்கேயும் எவளோ ஒருத்தி கரி பூசிய ஆளுக்காக வாசலில் காத்துக்கொண்டிருந்திருக்கிறாள்.

அவன் பேர் டெட்லெஃப், இருபத்திரண்டு வயது. கரித் தலையோடேயே மேஜையில் உட்கார்ந்தான், அதிர்ஷ்டம் போய்விடும் என்று நான்தான் கழுவ விடவில்லை. அடுப்பில் சுட்ட மாவுப் புட்டிங்கும் குழம்பும் வைத்தேன், உன் டின் கறியை ஐந்தாக வெட்டியிருந்தேன், ஆறாக்கினேன். சுவரில் வால்டர் விமானப்படைச் சட்டையில் இருக்கிறானே, அந்தப் படத்தைக் கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டிருந்தான். அப்பா எந்த ஊர் என்று கேட்டார். ஹாம்பர்க் என்றான். அம்மாவும் தங்கையும் நாற்பத்திமூன்று ஜூலையில் நம் விமானங்கள் போட்ட குண்டில் வீட்டோடு எரிந்துபோனார்கள் என்றான், நேற்று மழை பெய்தது என்பதுபோலச் சொன்னான். அப்பா கரண்டியைக் கீழே வைத்துவிட்டார். உனக்கு ஞாபகம் இருக்கும், அந்த ஆகஸ்டில் வால்டர் இரண்டு நாள் லீவில் வந்து சாப்பிடாமல் தூங்காமல் உட்கார்ந்திருந்தான், நான் கேட்டதற்கு ஹாம்பர்க் மேலே பறந்தோம் அம்மா, நூறு மைலுக்கு அப்பாலும் அந்த வெளிச்சம் தெரிந்தது என்று மட்டும் சொன்னான். நான் அவன் தட்டில் இன்னும் கொஞ்சம் குழம்பு ஊற்றினேன். டெட்லெஃப் தட்டிலிருந்ததை ஒரு பருக்கை விடாமல் சாப்பிட்டான்.

நாலு மணிக்கு முகாமில் இருக்க வேண்டும், கரித் தலையோடு போனால் தண்டனை. இரண்டு மணிக்கு வெந்நீர் வைத்துப் பின்கட்டில் அவனைக் குனிய வைத்து நானே உன் சோப்பைப் போட்டுக் கழுவினேன். மூன்று தண்ணீர் கறுப்பாகப் போயிற்று, நாலாவதில் அந்த மஞ்சள் வெளிவந்தது. காதுக்குப் பின்னால் ஒரு தழும்பு, அதைச் சுற்றி மெதுவாகத் தேய்த்தேன். அவனிடம் மன்னிப்புக் கேட்க வேண்டும்போல இருந்தது, தலைமுடிக்காகத்தான் தம்பி வெளியே நிறுத்தினேன், என் மகளுக்குப் பிரசவம் வருகிறது என்றேன். அவன் அப்படியே நிமிர்ந்து பார்த்தான், முகமெல்லாம் தண்ணீர்.

“தலைமுடிக்கா? மேல இருந்த அம்மா வேற சொன்னாங்களே. உன்னை மாதிரி ஒருத்தன்தான் இவ பிள்ளையைக் கொன்னான், உன் மூஞ்சியைப் பாக்க இவளுக்குப் பிடிக்கலே, அதை உங்கிட்ட சொல்லச் சொன்னாள்னு.”

என் கையிலிருந்த செம்பு விழுந்துவிட்டது. அப்படியென்றால் ஏன் திரும்பிப் போகவில்லை என்று கேட்டேன்.

“போயிருக்கலாம். ஆனா நிக்கணும்னு தோணிச்சு. எங்க வீடு இருந்த இடத்துல யாராவது வந்து தொப்பியைக் கழட்டிட்டுக் கொஞ்ச நேரம் நிக்க மாட்டாங்களான்னு நான் நினைச்சிருக்கேன். யாரும் வரல்லே. அதான் நான் நின்னேன்.”

எட்னா, எனக்கு எழுத்துக் கொஞ்சம்தான் தெரியும், சேப்பலில் எத்தனையோ பிரசங்கம் கேட்டிருக்கிறேன், இந்தப் பேச்சை எந்த வாயிலிருந்தும் கேட்டதில்லை. மலைக்குக் கீழே நிற்பதுபோல நின்றேன். மறைத்து வைத்தால் அந்தத் தலையைத் தொட்ட கை அழுகிப்போகும் என்று தோன்றியது, சொல்லிவிட்டேன். “அந்த ஜூலையில உங்க ஊருக்கு மேல என் பிள்ளையும் வந்தான் தம்பி.”

அவன் துண்டால் முகத்தைத் துடைத்தான். “தெரியும்மா. படத்துல அந்தச் சட்டையைப் பாத்ததுமே நினைச்சேன். ஐயா கரண்டியை வெச்சப்போ நிச்சயமாத் தெரிஞ்சுது. தெரிஞ்சுதானே சாப்பிட்டேன்.”

வாசலில் என் கன்னத்தைத் தொட்டுவிட்டு, பெண்ணுக்கு நல்லபடியாகப் பிறக்கட்டும் என்று சொல்லிப் போனான், தெருமுனை திரும்பும்வரை அப்பா தொப்பியைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டு நின்றார். நான் அவனை நிறுத்தியது முழுக்கத் தலைமுடிக்காகத்தானா என்று நாலு நாளாக என்னையே கேட்டுக்கொண்டிருக்கிறேன், முழுக்க என்று பைபிளைத் தொட்டுச் சொல்ல முடியவில்லை. ஆனால் அது எனக்குள்ளே கிடந்தது, நான் வாய் திறந்து சொல்லவில்லை. சொல்லாததைச் சொன்னதாக ஆக்கியவள் வேறு.

கனமான வாளி எதையும் தூக்காதே, உப்பைக் குறை, வலி எடுத்தால் வெட்கப்படாமல் பக்கத்து வீட்டுக்காரியைக் கூப்பிடு. பிறந்த அன்றே தந்தி அடி, இரண்டு சொல் போதும். ஆண்டவர் உன்னையும் உன் பிள்ளையையும் தன் கைக்குள் வைத்துக் காப்பார், அப்பாவும் நோராவும் ஜீனும் முத்தம் சொல்லச் சொன்னார்கள். பையன் என்றால் என்ன பேர், பெண் என்றால் என்ன பேர் என்று கேட்டிருந்தாய், உனக்குப் பிடித்ததை வை. வால்டரைச் சுட்டு வீழ்த்தியவன் யாரென்று எனக்குத் தெரியாது, பேர் தெரியாதவனை மன்னித்தாலும் மன்னிக்காவிட்டாலும் யாருக்கு என்ன. பேர் தெரிந்து, முகம் தெரிந்து, இப்போதும் என் அடுப்படியில் என் டீயைக் குடித்துக்கொண்டு நான் நல்லதுக்குத்தான் சொன்னேன் என்கிறாளே, அவளை நான் சாகும்வரை மன்னிக்கப் போவதில்லை. அதனால் குழந்தைக்கு அந்த ஒரு பேரை மட்டும் வைத்துவிடாதே.

உன் அம்மா கெசியா எழுதியது. வைக்கக் கூடாத பேர் பெர்த்தா.